ஈரம் காயட்டும்

எதையாவது திறந்துபோட்டு வைத்திருந்தால் மாயவனுக்குத் தூக்கம் வராது. எண்ணெய்ப் பாட்டில் மூடியில் ஆரம்பித்துக் கொல்லைப் படல் வரைக்கும் ஒரு சுற்றுப் பார்த்து அடைத்துவிட்டுத்தான் படுப்பார். அவர் பெண்டாட்டி காசியம்மாள் அக்கம்பக்கத்தில் சொல்லிச் சிரிப்பாள், அந்த ஆளு எல்லாத்தையும் அடச்சிருவாரு, வாயையும் சேத்து என்று. அது உண்மைதான். மாயவன் பத்து வார்த்தை பேசினால் அன்றைக்கு மழை வரும்.

சூளை வேலை அவரை அப்படி ஆக்கியிருந்தது. விருத்தாசலம் செராமிக் பேட்டையில் ஒரு சின்ன பொம்மைக் கம்பெனியில் இருபத்துச் சொச்சம் வருடமாக அவர்தான் நெருப்புக்காரர். அங்கே எரிப்பது பாதி வேலை, அடைப்பது மீதி வேலை. ராவும் பகலுமாக விறகு தள்ளி, உள்ளே அடுக்கிய பிள்ளையாரும் யானையும் வெந்து முடிந்ததும், நெருப்பு வாயைச் செங்கல் வைத்துக் கட்டிக் களிமண் மெழுகவேண்டும். பிறகு புகைபோக்கிக்குக் குறுக்கே ஓர் இரும்புத் தகட்டைத் தள்ளி அதையும் மூடவேண்டும். டம்பர் என்பார்கள் அந்தத் தகட்டை. மறந்துவிட்டால் குளிர்காற்று உள்ளே இறங்கி, அத்தனை பிள்ளையாரும் டிங் டிங்கென்று வெடித்துப் போவார். மாயவன் கையில் அப்படி ஒரு பிள்ளையாரும் போனதில்லை. தூக்கத்தில் நடக்கிறவன்போல அந்த நேரத்துக்கு அவர் கை தானாகப் போய்த் தகட்டைத் தள்ளிவிடும்.

சுனாமி வந்த மறு வருடம் அவருடைய ஒரே மகள் கயல்விழிக்கு வளைகாப்பு நடந்தது. பெண்ணாடத்திலிருந்து மாப்பிள்ளை தங்கதுரையும் அவன் அம்மா ஆராயியும் ஒரு வேன் நிறைய சனத்தோடு வந்திருந்தார்கள். ஆராயி சும்மா இருக்கமாட்டாமல் சம்பந்தி வீட்டு அடுப்படிக்குள் நுழைந்தாள். நுழைந்த வேகத்தில் முந்தானையால் கண்ணைப் பொத்திக்கொண்டு வெளியே வந்தாள். முந்திரி விறகு அப்போதுதான் ஈரமாக வந்திருந்தது. சுவரெல்லாம் கரி, ஓட்டின் அடியெல்லாம் ஒட்டடை, நடுவில் காசியம்மாள் இருமிக்கொண்டே ஏழு வகைச் சோறு கிளறிக்கொண்டிருந்தாள்.

பிரசவம் ஆஸ்பத்திரியில் ஆகட்டும், அப்புறம் பிள்ளையையும் பெற்றவளையும் நேரே பெண்ணாடத்துக்குத்தான் கூட்டிப் போவோம் என்று ஆராயி பந்தியில் வைத்தே சொல்லிவிட்டாள். பச்சை மண்ணை இந்தப் புகையில் போட்டு வாட்ட முடியாதாம். காசியம்மாளுக்கு ஆத்திரம் தாங்கவில்லை. பெண்ணாடத்தில் ஆராயி போடுகிற சாம்பிராணி தெருக்கோடி வரைக்கும் மணக்கும். அது மட்டும் சாமி புகை, என் வூட்டுப் புகை பேய்ப்புகையா என்று அடுக்களைக்குள் நின்றே கேட்டாள். கொளஞ்சியப்பர் கோயிலில் சம்பந்தி மேல் சாமிக்குப் பிராதுச் சீட்டு எழுதிக் கட்டிவிட்டு வருகிறேன் என்று இரண்டு நாள் பேசிக்கொண்டிருந்தாள். ஆராயி சொன்னதில் தப்பில்லை என்றுதான் மாயவனுக்குத் தோன்றியது.

ஆனால் வேனில் ஏற்றிவிடப் போனபோது கயல்விழி அவர் பக்கத்தில் வந்து நின்றாள். வயிறு முட்டிக்கொண்டிருந்தது. கண்ணுக்குக் கீழே கருப்பு விழுந்திருந்தது. தங்கதுரைக்குச் சர்க்கரை ஆலையில் வேலை. விடியற்காலை ஷிப்டுக்குச் சோறு கட்டவேண்டும். மாடு மூன்று. மாமனாருக்குக் கால் விளங்காது. அந்த வீட்டில் யாரும் கெட்டவர்கள் இல்லை, வேலைதான் கெட்டது. பிள்ளை பெற்றவள் என்று எத்தனை நாள் உட்கார வைக்க முடியும்?

"எனக்கு வேற ஒண்ணும் வேணாம்ப்பா. நம்ம வூட்ல ஒரு மூணு மாசம் படுத்துத் தூங்கணும். அவ்ளோதான்."

மாயவன் தலையை ஆட்டினார். பிறகு தங்கதுரையிடம் போய், வாழ்க்கையிலேயே முதல் தடவையாக ஒன்று கேட்டார். புகையில்லாமல் பண்ணிவிட்டால் பிள்ளையையும் பெற்றவளையும் மூன்று மாதம் விடுவீர்களா என்று. தங்கதுரை நல்ல பையன். அம்மாவைத் திரும்பிப் பார்த்தான். ஆராயி, பண்ணட்டும் பார்க்கலாம் என்றாள். வேன் கிளம்பிவிட்டது.

காஸ் அடுப்பெல்லாம் அப்போது பேட்டை முதலாளிகள் வீட்டுச் சமாச்சாரம். மாயவன் தனக்குத் தெரிந்ததைச் செய்தார். கம்பெனிப் பின்பக்கம் விளிம்பு உடைந்து கிடந்த பீங்கான் குழாய்களை முதலாளியிடம் கேட்டு வாங்கி, சைக்கிளில் கட்டி ஒவ்வொன்றாகக் கொண்டுவந்தார். ஷிப்டு முடிந்து வந்து, கை கால் கழுவாமல், பழைய அடுப்பை இடித்துவிட்டுப் புதிதாக ஒன்று கட்டினார். வாய் ஒன்று, மேலே இரண்டு குழி, பக்கத்தில் வெந்நீர்த் தவலைக்கு ஓர் இடம். பின்னால் சுவரோரம் குழாய் எழும்பி, ஓட்டைத் துளைத்துக்கொண்டு வெளியே போகும்.

ஓட்டைத் துளைப்பது பெரிய காரியமில்லை, துளைத்ததை அடைப்பதுதான் காரியம். பக்கத்துத் தெருக் கொத்தனார் சிமெண்ட்டை அப்பிவிடலாம் என்றார். மாயவன் சிரித்தார். சூடு ஏறினால் குழாய் பெருக்கும். சிமெண்ட் இடம் கொடுக்காது. இரண்டில் ஒன்று பிளக்கும். பழைய சூளைக் கதவில் இருந்த கல்நார்க் கயிற்றை உருவி வந்து குழாயைச் சுற்றி நெகிழ்வாகத் திணித்தார். அதன்மேல் சூளைக் களிமண்ணில் வைக்கோல் நறுக்கிப் பிசைந்து மெழுகினார். அதற்கும் மேலே மழைக்குத் தகரத்தில் ஒரு குல்லா. முதல் தடவை பற்றவைத்தபோது இரண்டு மூட்டில் புகை கசிந்தது. பீடியைப் பற்றவைத்து ஒவ்வொரு மூட்டிலும் காட்டிக் காட்டி, பீடிப் புகை எங்கே உள்ளே இழுபடுகிறதோ அங்கே விரலால் மண் வைத்து அழுத்தினார். இதே வேலையைப் பகலெல்லாம் கம்பெனியில் பார்த்துவிட்டு வந்து வீட்டிலும் பார்க்க உடம்பில் தெம்பு இல்லை. ஏணியில் நின்றபடியே இரண்டு தரம் கண் அசந்துவிட்டார். கீழே ஏணியைப் பிடித்திருந்த காசியம்மாள் காலில் கிள்ளி எழுப்பினாள்.

எல்லாம் முடிந்தபின் குழாயின் அடிப்பக்கத்தில் ஒரு நீட்டுப் பிளவு விட்டு, அதில் சூளைப் பலகையின், அதாவது பொம்மை அடுக்குகிற சுட்ட மண் பலகையின், உடைந்த துண்டு ஒன்றைச் செருகினார். உள்ளே தள்ளினால் குழாய் மூடிக்கொள்ளும், இழுத்தால் திறந்துகொள்ளும்.

சோற்று அடுப்புக்கு டம்பர் எதற்கு என்று காசியம்மாள் கேட்டாள். மாயவனுக்கு அந்தக் கேள்வியே புரியவில்லை. புகைபோக்கி என்று ஒன்று இருந்தால் டம்பர் என்று ஒன்று இருக்கும். அடுப்பு ஓய்ந்தபின் மூடி வைத்தால் மழைச் சாரல் உள்ளே இறங்காது, அடுப்புக்கல் சூடு அடங்காது, தவலைத் தண்ணீர் சாயங்காலம் வரைக்கும் வெதுவெதுவென்று இருக்கும், பிள்ளை பெற்றவளுக்கு ஆகும். இவ்வளவையும் அவர் சொல்லவில்லை. ஒன்றை மட்டும் திரும்பத் திரும்பச் சொன்னார்.

"கங்கு சுத்தமா அவிஞ்சி சாம்பலான அப்பறம்தான் இதத் தள்ளணும். உள்ள உசுரு இருக்கும்போது தொட்டுடாத."

காசியம்மாள் பயந்து அதைத் தொடவே இல்லை. கடைசிவரைக்கும் அவள் தொடவில்லை.

தங்கதுரை ஒரு ஞாயிற்றுக்கிழமை வந்து பார்த்தான். பச்சை விறகை வைத்து எரித்துக் காட்டினார்கள். அடுப்படிக்குள் உட்கார்ந்து சாவகாசமாக டீ குடித்தான். கண்ணில் ஒரு சொட்டுத் தண்ணீர் வரவில்லை. மாமா கில்லாடி என்று சொல்லிவிட்டுப் போனான். ஐப்பசி பிறந்ததும் கயல்விழிக்குப் பெண்குழந்தை பிறந்தது. ஆராயி சொன்ன சொல் தவறாமல் இருவரையும் விருத்தாசலத்திலேயே விட்டுவிட்டுப் போனாள்.

மாயவனுக்கு அந்தக் கொஞ்ச நாள் போதும் என்றிருந்தது. வேலை முடிந்து வந்தால் உள்ளே மகள் குறட்டை விடுவது கேட்கும். எலும்புக்குள் இருந்த அலுப்பெல்லாம் வெளியேறுகிற மாதிரி ஒரு குறட்டை. குழந்தை அழுதால் காசியம்மாள் தூக்கிக்கொள்வாள்; பால் குடிக்க மட்டும் மகளிடம் கொடுப்பாள். கயல்விழி கண்ணைத் திறக்காமலே பால் கொடுத்துவிட்டு மறுபடி தூங்குவாள். மாயவன் கதவோரம் நின்று அந்தக் குறட்டையைக் கேட்டுவிட்டு, தான் படுக்க வீட்டுக்கு முன்னாலிருக்கும் விறகுக் கொட்டாய்க்குப் போவார். சாமி கும்பிட்ட மாதிரி இருக்கும் அவருக்கு.

பச்சை உடம்புக்காரிக்குக் காற்றுப் படக்கூடாது என்று காசியம்மாள் சன்னலில் கோணி கட்டியிருந்தாள், கதவடியில் பழைய சேலையைச் சுருட்டிச் செருகியிருந்தாள். ஓட்டுக்கும் சுவருக்கும் நடுவே குருவி வந்துபோகிற சந்து இருந்தது. அதை மாயவனே வைக்கோலும் மண்ணும் வைத்து அடைத்திருந்தார். அடுப்படிக்கும் மகள் படுக்கிற இடத்துக்கும் நடுவில் இடுப்புயரச் சுவர்தான். அந்தப் பக்கம் சூடு வரட்டும் என்று கயல்விழியின் பாயைச் சுவரை ஒட்டிப் போட்டிருந்தார்கள்.

அன்றைக்கு அடைமழை. கம்பெனியில் பெரிய சூளை. இரண்டு ராத்திரி கண் மூடாமல் எரித்துவிட்டு, விடியும் நேரத்தில் வாயைக் கட்டி, மெழுகி, தகட்டைத் தள்ளி மூடிவிட்டு மாயவன் வீட்டுக்கு வந்தார். காசியம்மாள் மகளைக் குளிப்பாட்டி, பூண்டுக் குழம்பும் சோறும் கொடுத்துப் படுக்க வைத்திருந்தாள். அவருக்கும் போட்டாள். தின்றது என்ன என்று அவருக்குத் தெரியாது. மண்ணெண்ணெய் ஊற்றுகிறார்கள் என்று கேள்விப்பட்டு, காசியம்மாள் கேனைத் தூக்கிக்கொண்டு ரேஷன் கடைக்குப் போனாள். அவர் படுக்கப் போகும்போது கதவைச் சாத்தி அடியில் சேலையை வெளியிலிருந்து தள்ளிவிட்டுப் போகச் சொன்னாள்.

மாயவன் ஒரு பீடி பற்றவைக்க அடுப்புக்குப் போனார். உள்ளே முந்திரிக் கட்டைக் கங்கு செக்கச்செவேலென்று கிடந்தது. பீடியைப் பற்றவைத்தார். எழுந்தார். கதவைச் சாத்தினார். சேலையைக் காலால் தள்ளினார். கொட்டாயில் போய் விழுந்தவருக்குப் பீடி பாதியில் அணைந்தது தெரியாது.

காசியம்மாள் போட்ட கூப்பாட்டில்தான் எழுந்தார். ஓடிப் போனால் கயல்விழி பாயில் வாந்தி எடுத்து, அதன்மேலேயே முகம் வைத்துக் கிடந்தாள். உதடு மட்டும் நல்லா இருக்கிறவளைப்போலச் சிவந்திருந்தது. குழந்தை துணிப் பொம்மை மாதிரித் துவண்டு கிடந்தது. காசியம்மாள் மடியில் போட்டுத் தட்டுகிறாள், அது அழமாட்டேன் என்கிறது. மாயவன் ஒன்றும் யோசிக்கவில்லை. குழந்தையைப் பெண்டாட்டி கையில் திணித்து வெளியே தள்ளினார். மகளை அக்குளில் கைகொடுத்து இழுத்துக்கொண்டுபோய் வாசலில் மழையிலேயே கிடத்தினார். காற்றும் தண்ணீரும் படக்கூடாத உடம்பு. காசியம்மாள் வேண்டாம் வேண்டாம் என்று கத்துகிறாள். முகத்தில் மழை அடித்ததும் கயல்விழி கண்ணைத் திறந்து, அப்பா தலை வலிக்குதுப்பா என்றாள். குழந்தையும் ஒரு தடவை முனகியது. தெருவில் யாரோ ஆட்டோவைக் கூட்டிவந்தார்கள்.

பெரிய ஆஸ்பத்திரியில் டாக்டரம்மா சின்ன வயசு, கெட்டிக்காரி. எடுத்த எடுப்பில் கேட்டாள், அடுப்பு பக்கத்திலா படுத்திருந்தார்கள், புகை சூழ்ந்துகொண்டதா என்று. அதற்குள் பெண்ணாடத்திலிருந்து தங்கதுரையும் ஆராயியும் வந்து சேர்ந்திருந்தார்கள். குழந்தைக்குச் சொக்காய் எடுத்துக்கொண்டு பார்க்க வந்தவர்கள், பூட்டிய வீட்டைப் பார்த்து, தெருவில் விசாரித்து அப்படியே ஓடிவந்திருந்தார்கள். டாக்டரம்மா கேட்டதற்குப் பதில் சொன்னது தங்கதுரைதான்.

"அந்த வூட்ல பொகையே கெடையாதுங்க டாக்டர். எங்க மாமா பைப்பு வெச்சி மேலாக்க அனுப்பிட்டாரு. நானே உள்ள ஒக்காந்து பாத்திருக்கேன்."

காசியம்மாளும் ஆமாம் என்றாள். அவள் உள்ளே நுழைந்தபோது புகை இல்லை, வாடைகூட இல்லை. அது சத்தியம். பிரசவத்தில் ரத்தம் நிறையப் போனதையும், மகள் சரியாகச் சாப்பிடாததையும் சொன்னாள். டாக்டரம்மா இமையை விலக்கிப் பார்த்தாள். ரத்தம் கம்மிதான், பலவீனத்தில் மயக்கம் வந்திருக்கும், ஒரு பாட்டில் குளுக்கோஸ் ஏற்றிவிட்டுச் சாயங்காலம் கூட்டிப் போகலாம் என்றாள். குழந்தை மந்தமாகத்தான் இருந்தது. பால் குடிக்கட்டும், பார்க்கலாம் என்றாள். வரிசையில் இன்னும் எத்தனையோ பேர் நின்றார்கள். ஆராயிகூட ஆறுதலாகத்தான் பேசினாள். எங்க வூட்டுக்கு வந்தா இன்னும் மோசம், இங்கயே இருந்து தேறட்டும், மூணு மாசத்துக்கு நாலு மாசமா இருக்கட்டும் என்றாள்.

மாயவன் சுவரோரம் நின்றிருந்தார். வலது கைக் கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் எரிந்தன. வெகு நேரமாக எரிந்துகொண்டிருந்திருக்கிறது, இப்போதுதான் உறைத்தது. தூக்கிப் பார்த்தார். இரண்டு விரல் நுனியிலும் நேர்க்கோடாகச் சுட்டிருந்தது. சூளைப் பலகையின் விளிம்பு எவ்வளவு தடிமனோ அவ்வளவு தடிமனில்.

பீடி பற்றவைத்தார், எழுந்தார். நடுவில் கை ஒன்று செய்திருக்கிறது. எரித்து முடித்தாயிற்று, இனி அடைக்கவேண்டும் என்று அந்தப் பாழாய்ப்போன கை அதுபாட்டுக்குச் செய்திருக்கிறது.

கம்பெனியில் ஒரு தரம் இப்படித்தான், அவசரப்பட்டு மூடிய சூளைக்குப் பின்னால் மழைக்கு ஒதுங்கிப் படுத்த இரண்டு பேர் எழுப்பியும் எழுந்திருக்கவில்லை. புகை இல்லை, வாடை இல்லை. தண்ணீர் தெளித்தார்கள், கண் திறந்தார்கள், சரியாகிவிட்டது என்று அனுப்பினார்கள். அதில் ஒருவன் மறுநாள் மறுபடி விழுந்தான். இப்போதும் கடைத்தெருவில் வாய் குழறிக்கொண்டு திரிகிறான்.

வாயைத் திறந்தால் மகள் போய்விடுவாள். அதில் சந்தேகமே இல்லை. ஆராயி இப்போதுதான் நான்கு மாதம் என்றாள். கேட்டுவிட்டால் நான்கு நாழிகைகூட விடமாட்டாள். விட்டால் அவள் தாயே இல்லை. திறக்காவிட்டால்? வீட்டுக்குப் போய் அந்தப் பலகையைப் பிடுங்கிக் கிணற்றில் எறிந்துவிட்டால் யாருக்குத் தெரியப்போகிறது? மகள் தூங்குவாள். குழந்தையும் தேறினாலும் தேறும். அந்தத் தேறினாலும் என்ற இடத்தில் வந்து மாயவன் குழந்தையைப் பார்த்தார். காசியம்மாள் மகளின் மார்போடு சேர்த்துப் பிடித்தும் அது வாய் வைக்காமல் தொங்கிக்கொண்டிருந்தது.

"டாக்டரம்மா," என்றார். யார் காதிலும் விழவில்லை. இரண்டாவது தடவை உரக்கக் கூப்பிட்டார். எல்லாரும் திரும்பினார்கள்.

"பொகபோக்கிய நாந்தான் அடச்சிட்டேன். உள்ள கங்கு இருந்துது. கதவு சன்னலு எல்லாம் மூடியிருந்துது. பொக வரலைங்க, காத்துதான் கெட்டுப் போயிருக்கும்."

சொல்லிவிட்டு விரலை நீட்டிக் காட்டினார், பள்ளிக்கூடத்துப் பிள்ளை போல. டாக்டரம்மா ஒரு நொடி அந்த விரலைப் பார்த்தாள். பிறகு குளுக்கோசை விட்டுவிட்டு நர்சைக் கூப்பிட்டாள். குழந்தையைத் தூக்கிக்கொண்டு உள்ளே ஓடினார்கள். ஆக்சிஜன் வைத்தார்கள். கயல்விழிக்கும் வைத்தார்கள். அந்தச் சின்ன முகத்துக்குப் பெரிதாக இருந்த மூடியை ஒரு நர்சு கையாலேயே பிடித்துக்கொண்டு நின்றாள். நல்லவேளை சொன்னீங்க என்று டாக்டரம்மா சொன்னதும், இன்னும் என்னென்னவோ சொன்னதும் மாயவன் காதில் ஏறவில்லை. குழந்தை வீறிட்டு அழுதது மட்டும் ஏறியது. வெளியே வராந்தாவில் உட்கார்ந்து அவரும் அழுதார். காசியம்மாள் பக்கத்தில் வரவில்லை.

ஆராயி கத்துவாள் என்று எல்லாரும் எதிர்பார்த்தார்கள். கடைசியில் ஒன்று சொன்னாள், அதுவும் அவரைப் பார்க்காமல், தூணைப் பார்த்து.

"பழைய பொகையா இருந்தாலும் இருமிக்கிட்டாவது எழுந்திருச்சிருப்பா."

மாயவனுக்கு அந்த ஒரு சொல் போதும்.

இரண்டு நாள் வைத்திருந்து அனுப்பினார்கள். ஆஸ்பத்திரி வாசலிலேயே பெண்ணாடத்துக்குக் கார் வந்து நின்றது. கயல்விழி குழந்தையோடு ஏறுமுன் அப்பாவைத் தேடினாள். அவர் டீக்கடை ஓரம் நின்றிருந்தார். போய் அவர் கையைப் பிடித்துக்கொண்டாள். கோபம் இல்லை அவளுக்கு. கோபப்படுவதற்கும் தெம்பு வேண்டுமே.

"ரொம்ப நாளு கழிச்சி நல்லா தூங்கறேன்னுதாம்ப்பா நெனச்சேன்," என்றாள்.

அவர் வீட்டுக்குப் போனார். காசியம்மாள் பக்கத்து வீட்டிலிருந்து கடப்பாரை வாங்கி வைத்திருந்தாள், அடுப்பை இடிப்பார் என்று. அவர் இடிக்கவில்லை. பலகைத் துண்டை உருவி வாசற்படியில் போட்டு நான்காக உடைத்தார். மண் பிசைந்தார். இனி யார் கையும் எதையும் தள்ள முடியாதபடி, அந்தப் பிளவை மெழுகி மூடினார். ஓட்டுச் சந்தில் திணித்த வைக்கோலைக் குச்சியால் குத்திக் குத்திக் கீழே தள்ளினார். சாரல் உள்ளே அடித்தது. மழைத் தண்ணீர் குழாய் வழியாக இறங்கி அடுப்புச் சாம்பலை நனைத்தது. அடிக்கட்டும் என்று சொல்லிவிட்டுப் படுத்துக்கொண்டார்.

அதற்கப்புறம் கம்பெனியில் டம்பரைத் தள்ளுகிற வேலையை மட்டும் வேறு ஆளிடம் விட்டுவிட்டார். முதலாளி காரணம் கேட்டார். கை சரியில்லை என்றார் மாயவன்.

மார்கழி கடைசியில் தங்கதுரை ஒரு நாள் கம்பெனி வாசலுக்கே வந்து நின்றான். குழந்தை நன்றாக இருக்கிறது, முகம் பார்த்துச் சிரிக்கிறது என்றான். பிறகு செருப்பால் தரையைத் தேய்த்துக்கொண்டு நின்றான். விஷயம் மெதுவாகத்தான் வந்தது. ஆராயிக்கு இடுப்புப் பிடித்துக்கொண்டது; ஒரு மாதமாகக் கயல்விழிதான் அடுப்படி. குழந்தையைப் பக்கத்தில் தூளியில் போட்டுக்கொண்டு சமைக்கிறாள். குழந்தை இருமுகிறது.

"நம்ம வூட்டு அடுப்பயும் அதுமாரி பண்ணித் தரணும் மாமா. அம்மாதான் சொல்லி அனுப்புச்சி. அந்த மூடி மட்டும் வேணாமாம்."

மாயவன் லீவு சொல்லிவிட்டு, இரண்டு குழாயும் ஒரு மூட்டை மண்ணும் ஏற்றிக்கொண்டு பெண்ணாடம் போனார். போய்ப் பார்த்தால் மகள் பாதியாகியிருந்தாள். அப்பா வந்த சந்தோஷத்தில் ஓடிவந்து சொம்பில் தண்ணீர் கொடுத்தாள். கொடுக்கும்போதே கொட்டாவி வந்தது. குழந்தை அவர் கட்டைவிரலைப் பிடித்துக்கொண்டது. விரல் நுனியில் தழும்பு வழவழவென்றிருந்தது, அது அதைத்தான் சப்பப் பார்த்தது.

பழைய அடுப்பை இடித்தார்கள். மாயவன் கட்டினார். சீக்கிரம் முடிகிற வேலைதான், ஆனால் அவர் அவசரப்படவில்லை. ஓட்டில் ஓட்டை போட்டார், கயிறு திணித்தார், மெழுகினார். இடுப்பைப் பிடித்துக்கொண்டு ஆராயி வந்து உட்கார்ந்து ஒவ்வொன்றையும் பார்த்தாள். குழாயின் அடிப்பக்கத்தைக் கையால் தடவினாள். பிளவு எதுவும் இல்லை. உள்ளே போய் ஊதுபத்தி ஒன்றைக் கொளுத்திக்கொண்டு வந்து, மூட்டு மூட்டாகப் பிடித்துக் காட்டினாள். மாயவன் அது இழுபடுகிற இடத்தில் விரல் வைத்தார்.

அடுப்பு இல்லாத வீட்டில் கயல்விழிக்கு வேலை இல்லை. மத்தியானச் சோற்றைப் பக்கத்து வீட்டில் வாங்கிக்கொண்டார்கள். எப்போது பற்றவைக்கலாம் என்று தங்கதுரை கேட்டான். மண் மேலாகக் காய்ந்தால் போதும், ராத்திரியே சிறுநெருப்பு வைத்து வாட்டி எடுத்துவிடலாம். காலையில் உலை ஏற்றலாம். மாயவன் எத்தனை தரம் செய்திருக்கிறார். பதில் சொல்ல வாயெடுத்தவர் அடுப்படி வாசலைப் பார்த்தார். கயல்விழி மாட்டுக்குத் தண்ணீர் காட்டப் போகிறவள், வாளியைக் கீழே வைத்துவிட்டுச் சற்று உட்கார்ந்திருக்கிறாள். தலை நிலைக்கால் மேல் சாய்ந்திருந்தது. வாய் லேசாகத் திறந்திருந்தது. அதற்குள் குறட்டை வந்துவிட்டது.

"ஈரம் இருக்குதுங்க மாப்ள," என்றார் மாயவன். "காயாம பத்த வெச்சா வெடிச்சிடும். ரெண்டு மூணு நாளு அடுப்பு பக்கமே போவக்கூடாது."

சொல்லும்போது அவர் தங்கதுரை முகத்தைப் பார்க்கவில்லை. பொய் சொல்லிப் பழக்கமில்லாதவர், காது சிவந்துவிட்டது. ஆராயி அவர் காதைப் பார்த்தாள். ஊதுபத்தியைப் பார்த்தாள். நாற்பது வருடமாக அடுப்பு மெழுகியவளுக்கு மண் காய எவ்வளவு நேரம் என்று தெரியாதா? திரும்பி மருமகளைப் பார்த்தாள்.

"ரெண்டு நாளு எதுக்கு அண்ணே," என்றாள். "ஒரு வாரம் காயட்டும். கொல்லையில மூணு கல்லு வெச்சி நான் பொங்கிக்கிறேன்."

எழுந்துபோய்த் தூளியிலிருந்த குழந்தையைத் தூக்கிக்கொண்டாள். தங்கதுரை வாளியை எடுத்துக்கொண்டு மாட்டுக்குப் போனான். மாயவன் கையில் ஒட்டிய மண்ணோடு மகளுக்கு எதிரே தரையில் உட்கார்ந்தார். வெளிக்கதவு காற்றில் சாத்திக்கொள்ளப் பார்த்தது. எட்டி ஒரு செங்கல்லை எடுத்து, அது மூடாதபடி முட்டுக் கொடுத்தார்.